ஒட்டுண்ணிக் குளவி: ஒரு சொல்லாராய்ச்சி

மதுரைக்கு வடமேற்கே அலங்காநல்லூர், வாடிப்பட்டி ஆகிய ஊர்களைச் சூழ்ந்த கரும்புக் கொல்லைகளில் நுழைந்து பார்ப்போர், சில வேளைகளிலே, தோகையின் அடிப்புறத்தில் ஒரு சிறு காகித அட்டைத் துண்டு கட்டப்பட்டிருத்தலைக் காண்பர். பசை தடவி மணலைத் தூவினாற்போல அதன்மீது கரிய பொடி படிந்திருக்கும். உற்று நோக்கின் அது பொடியன்று; ஒவ்வொரு துகளும் ஒரு முட்டை. நெல் அந்துப்பூச்சி இட்ட முட்டையே அஃதாயினும், அதனுள்ளிருந்து அந்துப்பூச்சி வெளிவருவதில்லை. ஏறக்குறைய அரை மில்லிமீட்டர் நீளமேயுள்ள குளவி ஒன்று வெளிவருகின்றது. அதற்கு நூலார் இட்ட பெயர் டிரைக்கோகிரம்மா என்பது. சிறகின்மேல் நுண்மயிர்கள் வரிவரியாக அமைந்திருத்தல்பற்றி, 'மயிர்வரி' எனப் பொருள்படும் கிரேக்கச் சொற்களால் அப்பெயர் அமைந்தது. நம் வேளாண்மைத் துறையார் இவ்வட்டைக்கு வழங்கும் தமிழ்ப்பெயர் 'முட்டை ஒட்டுண்ணி அட்டை' என்பதாம். இப்பெயர் பொருந்துமா, பொருந்தாதாயின் அதனால் வரும் குறை யாது என்பவற்றை ஈண்டு ஆராயப் புகுகின்றோம்.

முதற்கண் அட்டையின் வரலாற்றைச் சுருங்கச் சொல்லுவாம். கம்பு முதலிய தானியங்களில் அந்துப்பூச்சியை வளர்த்து, அதன் முட்டைகளைத் திரட்டி, புற ஊதாக் கதிரிலே காட்டிக் கருவை அழித்துவிடுவர். பின்பு அவற்றை அட்டையில் ஒட்டிக் குளவிகளிடம் விடுவர். குளவி ஒவ்வொரு முட்டையையும் துளைத்துத் தன் முட்டையை உள்ளே வைக்கும். மூன்று நான்கு நாட்களில் அந்துப்பூச்சி முட்டை கறுத்துவிடும். கறுத்ததே குளவி குடிபுகுந்தமைக்கு அடையாளம். ஒரு கன சென்டிமீட்டர் அளவுள்ள முட்டைத் திரளிலே ஏறக்குறைய 16,000 முதல் 18,000 முட்டைகள் உள. கரும்பின் இடைக்கணுப் புழுவை அடக்குதற்பொருட்டு, பயிருக்கு நான்கு மாதம் நிரம்பியது முதல், பதினைந்து நாட்களுக்கு ஒருமுறையாக ஆறு முறை, ஹெக்டேருக்கு ஒவ்வொரு முறையும் இரண்டரை கன சென்டிமீட்டர் வீதம் கட்டவேண்டுமென்பது தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தார் கூறும் முறை. குளவி வெளிப்பட்டுப் பறந்து, இடைக்கணுப் புழுவாக வேண்டிய முட்டைகளைத் தேடி அவற்றினுள் தன் முட்டையை இடும். புழு பிறவாமலே ஒழியும்.

இத்துணை நுட்பமான ஏற்பாடு ஒரு சொல்லினால் இடர்ப்படுதலை யாம் நேரிற் கண்டதுண்டு. கரும்பு பயிரிட்டிருந்த முதியவர் ஒருவர், கையில் இருந்த அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "தம்பி, ஆட்டுக்கு உண்ணி, தலைக்குப் பேன், இப்போது கரும்புக்கும் ஒட்டுண்ணியா? உள்ளதற்கே மருந்தடித்து மாளவில்லையே!" என்றார். விளக்கியபின் அரைமனத்தோடு கட்டினார். கட்டிய மறுநாளே, 'எதற்கும் இருக்கட்டும்' என்று கொல்லை முழுவதும் பூச்சிக்கொல்லி தெளித்துவிட்டார் என்று பின்னர் அறிந்தோம். அவர்மீது குற்றங் கூற எமக்கு வாய் எழவில்லை. ஒட்டுண்ணி என்னுஞ் சொல் அவர் அறிந்த தமிழில் எதைக் குறிக்குமோ அதற்கு ஏற்றதையே அவர் செய்தார்.

ஒட்டி உண்பது ஒட்டுண்ணி. இகரவிகுதி வினைமுதற்பொருளை உணர்த்திற்று. பேன், உருண்ணி, குடற்புழு, கொக்கிப்புழு ஆகிய இவற்றுக்கெல்லாம் இப்பெயர் நன்கு பொருந்தும். பிறர் உழைப்பில் வாழ்வாரை மேடையில் இகழ்வோரும் இச்சொல்லையே எடுத்தாளுகின்றனர். இஃது ஆங்கிலத்திலுள்ள 'பாரசைட்' என்பதற்கு நேராக வழங்குவது. அவ்வாங்கிலச் சொல்லின் வேர் கிரேக்கத்தில் உளது. 'பாரா' என்றால் பக்கத்தில். 'சிட்டோஸ்' என்றால் தானியம் அல்லது உணவு. எனவே 'பாராசிட்டோஸ்' என்பான் பிறரோடு பந்தியில் அமர்ந்து உண்பவன். தொடக்கத்தில் அது கௌரவமான பெயரேயாம். கோயில் விருந்திற் பங்குபெறும் உரிமையுடையாரை அது குறித்தது. பின்னர் நாடகப் புலவர்கள் கையிலே, முகத்துதி கூறி ஓசிச் சோறு தின்பவனுக்கு அது பெயராயிற்று. உயிர்நூலார் அதனை எடுத்துக்கொண்டது அதன்பின்னரே.

விருந்தினனுக்கு இப்பெயரெனில் விருந்திடுவோனுக்கும் ஒரு பெயர் வேண்டுமன்றோ? நம் பாடநூல்களில் 'ஓம்புயிர்' என்றும் 'விருந்தோம்பி' என்றும் இரு சொற்கள் வழங்குகின்றன. திருக்குறளில் ஓர் அதிகாரமே பெற்ற விருந்தோம்பல் என்னும் அறம், தலையிற் பேன் சுமக்கும் மனிதனுக்கும் வயிற்றிற் புழுச் சுமக்கும் ஆட்டுக்கும் உரியதாயிற்று! ஆயினும் மொழிபெயர்ப்பு என்ற அளவில் இது மிகச் சரியானது. கிரேக்கர் கண்ட பந்தி நம் மொழியிலும் விரிக்கப்பட்டுவிட்டது.

இனி, அப்பந்தியிலே குளவியை அமர்த்த இயலுமா என்று நோக்குவாம். நல்ல ஒட்டுண்ணி தன் ஓம்புயிரைக் கொல்ல விரும்பாது. பேன் கடியால் மாண்டவர் இலர். தான் இருக்கும் கிளையை வெட்டினால் தானும் வீழவேண்டும் என்பதை அறிவில்லாத அச்சிற்றுயிர்களின் வாழ்க்கைமுறையே அறிந்துவைத்திருக்கின்றது. குளவியின் குழவியோ அங்ஙனம் அன்று. ஒரே உடலிற் பிறந்து, அவ்வுடலையே உண்டு, அவ்வுடலை முடித்துவிட்டே வெளியேறுகின்றது. ஓம்புயிர் சாதல் தற்செயலன்று. குளவியின் பிறப்புக்கு அது விலை. அங்ஙனமாயின் புலி, சிலந்தி, தட்டாரப்பூச்சி முதலிய கொன்றுண்ணிகளோடு இதனைச் சேர்க்கலாமோ எனின், அதுவும் ஒவ்வாது. கொன்றுண்ணி தன் வாழ்நாளிற் பல உயிர்களைக் கொன்று தின்னும். குளவிக்குழவி தின்பது ஒன்றையே. வளர்ந்த குளவியோ பெரும்பாலும் பூந்தேனும் பிற இனிய நீரும் பருகித் திரிகின்றது.

இரண்டு பெட்டியிலும் அடங்காத இவ்வுயிர்களுக்கு மூன்றாவது பெயரொன்று வேண்டுமெனக் கண்டவர் பின்லாந்து நாட்டுப் பூச்சிநூலார் ஓடோ மொரன்னால் ராய்ட்டர் என்பார். வாழ்நாளின் இறுதியிற் கண்ணொளி இழந்திருந்த அப்பெரியார், தாம் மறைந்த 1913ஆம் ஆண்டில் வெளிவந்த செருமானிய நூலிலே 'பாரசிட்டாயிட்' என்னுஞ் சொல்லை வழங்கினார். 'ஆயிட்' என்பது 'போன்றது' எனப் பொருள்தரும் கிரேக்க ஈறு. பின்னர் அமெரிக்காவில் எறும்பு ஆராய்ச்சியாற் புகழ்பெற்ற வில்லியம் மார்ட்டன் வீலர் 1923இல் அதனை ஆங்கிலத்திற் பரப்பினார். ஆயினும் பயிர்ப்பூச்சி நூலார் மேலும் பல்லாண்டு பழைய 'பாரசைட்' என்பதையே வழங்கிவந்தனர். நம் தமிழ் வழக்கு அப்பழைய ஆங்கிலத்திலிருந்து வந்தமையால், அவர்கள் பின்னர் விட்டொழித்த மயக்கம் நம்மிடம் தங்கிவிட்டது.

மூன்றையும் வினைகளின் முறைவைப்பாற் பிரித்து நினைவிற் கொள்ளலாம். கொன்று உண்பது புலி. உண்டும் கொல்லாது விடுவது பேன். உண்டு கொல்வது குளவிக்குழவி. இயற்கை எல்லாவிடத்தும் இவ்வேலிக்குள் நின்றுவிடுமென்று எண்ணற்க. பெரியாறு பாயும் நம் நெல்வயல்களில், தண்டுத்துளைப்பான் இலைமீது மயிர்ப்போர்வை போர்த்து முட்டைக்குவியல் இடுகின்றது. டெலினோமஸ் என்னுங் குளவி ஒரு முட்டைக்கு ஒரு குழவியாக அதில் வளரும். அதே குவியலில் டெட்ராஸ்டிக்கஸ் என்னும் மற்றொன்றின் குழவியோ ஒரு முட்டையோடு நில்லாது அடுத்தடுத்த முட்டைகளையும் தின்று தீர்க்கும். அதனைக் கொன்றுண்ணி என்பதா, குளவிக் கூட்டத்தில் வைப்பதா என்று நூலாரே தயங்குவர். எல்லையில் நிற்பன சில உண்மையால் எல்லையே இல்லையென்பது ஆகாது.

உண்ணும் முறையும் ஒருபடித்தன்று. சோழவந்தான் பக்கத்துத் தென்னந்தோப்புகளிலே ஓலையின் அடிப்புறத்தைச் சுரண்டித் தின்னும் கருந்தலைப்புழுவைக் கோனியோசஸ் என்னுஞ் சிறு குளவி தாக்குகின்றது. அது புழுவைக் கொட்டி அசையாதபடி செய்து, அதன் உடல்மீது முட்டைகளை இட்டு, குழவிகள் வளருமட்டும் அருகிலேயே காவலிருக்கும். பூச்சிகளிடையே இத்தகைய தாயன்பு அரிது. இஃது ஒரு முறை. மற்றொரு முறையைக் காண ஆமணக்குச் செடியண்டை செல்லவேண்டும். இலையை அரிக்கும் காவடிப்புழு இளமையாயிருக்கும்போது மைக்ரோபிளைட்டிஸ் என்னுங் குளவி அதனுள் முட்டையிட்டுப் பறந்துவிடுகின்றது. புழு முன்போலவே தின்று திரிகின்றது. அதன் உள்ளே மற்றொன்று வளர்கின்றது. உரிய காலத்திற் குழவி புழுவின் பின்புறத்தைத் துளைத்து வெளிவந்து, அங்கேயே சிறு கூடு கட்டிக்கொள்ளும். உண்பதை மறந்த புழு, தன்னைத் தின்றதன் கூட்டை வாலிற் சுமந்தவாறு சில நாள் உயிரோடிருந்து மடியும். எம் மாணவர் பலர் அக்கூட்டைப் புழுவின் முட்டையென்றே எண்ணியிருந்தனர். புழு முட்டையிடாது என்பதைச் சொல்லி நினைப்பூட்ட வேண்டியதாயிற்று.

இவ்வொழுக்கம் மனத்தைக் கலக்குவதே. சார்லஸ் டார்வின் 1860ஆம் ஆண்டு மே மாதத்தில் அமெரிக்கத் தாவரநூலார் ஆசா கிரேக்கு எழுதிய கடிதத்திலே, புழுக்களின் உயிருள்ள உடலினுள் இருந்து உண்ணுமாறு இக்னியூமன் குளவிகளை அருளுடைய இறைவன் வேண்டுமென்றே படைத்திருப்பான் என்று தம்மால் நம்பக்கூடவில்லை என்னுங் கருத்தை வெளியிட்டார். அவ்வினா இறைநூலாரையும் மெய்ந்நூலாரையும் இன்றும் விடவில்லை. ஈண்டு அதற்குள் யாம் புகவில்லை.

குளவிக்கும் புழுவுக்கும் உள்ள உறவைத் தமிழர் அறியாதிருந்தாரல்லர். குளவி கொட்டக் கொட்டப் புழுவும் குளவியாகும் என்பது நாடறிந்த வழக்கு. ஆசிரியனை இடைவிடாது எண்ணும் மாணாக்கன் அவனாகவே ஆவன் என்பதற்குச் சமயநூலார் இதனை உவமையாக்கினர். மண்கூடு கட்டும் வேட்டுவக் குளவி புழுவைத் தூக்கிச்சென்று உள்ளே அடைப்பதையும், சில நாட்கழித்து அக்கூட்டிலிருந்து குளவி வெளிவருவதையும் அவர்கள் கண்டனர். இடையில் மூடிய கூட்டினுள் நிகழ்ந்ததைக் கண்டிலர். மேனாட்டாரும் இதனின் மேம்பட்டிருந்தாரல்லர். ஒல்லாந்து நாட்டு ஓவியர் யான் கோடார்ட் 1660களில் வெளியிட்ட நூலிலே, ஒரேவகைப் புழுவிலிருந்து ஒருகால் வண்ணத்துப்பூச்சியும் ஒருகாற் சிறு ஈக்களும் வெளிவந்தன என்று எழுதி வியந்தார். கண்டது உண்மை, கொண்ட கருத்தே பிழை. லீவன்ஹூக் முதலியோர் 1700ஆம் ஆண்டையொட்டிய காலத்திற் பூதக்கண்ணாடி கொண்டு ஆராய்ந்த பின்னரே, குளவி புழுவிலிருந்து மாறியதன்று, புழுவை உண்டு வளர்ந்தது என்பது தெளிவாயிற்று.

இதுவரை தொழில்பற்றிய பெயரைக் கண்டோம். இனிக் குலம்பற்றிய பெயரொன்றையும் காணல்வேண்டும். இரண்டையும் ஒன்றாக்கி மயங்குவோர் பலர். மெல்லிடையுள்ள குளவி, தேனீ, எறும்பு இவற்றையெல்லாம் பழைய நூலார் இரண்டாக வகுத்தனர். முட்டையிடுங் குழாய் கொடுக்காக மாறிவிட்டவை 'அக்யூலியேட்டா', அதாவது கொடுக்குடையன. அக்குழாய் முட்டையிடுதற்கே பயன்படுவன 'பாரசிட்டிக்கா', அதாவது ஒட்டியுண்பன. இப்பிரிவு வசதியானதேயன்றி உண்மையானதன்று. கொடுக்குடையன பாரசிட்டிக்காவின் முன்னோரிடமிருந்தே கிளைத்த ஒரு கிளை என்பது இப்போது தெளிவாகியுள்ளது. தந்தை பெயரும் மற்றை மக்கள் பெயரும் எழுதி, ஒரு மகனை மட்டும் நீக்கிவிட்ட குடும்ப அட்டை போன்றது பாரசிட்டிக்கா என்னும் வகுப்பு.

பெயரின் பொருளும் அவ்வாறே வழுவுகின்றது. அத்திப்பழத்தைப் பிட்டுப் பார்த்தால் அத்தனையும் சொத்தை என்பர். அச்சொத்தையுள் இருப்பன பல, அத்திப் பூவுக்கு மகரந்தம் கொணரும் நுண்குளவிகளும் அவற்றின் குஞ்சுகளுமேயாம். குலத்தால் அவை பாரசிட்டிக்கா. ஆயினும் எப்பூச்சியையும் உண்பதில்லை, அத்தியின் சூலிலேயே வளர்கின்றன. நம் ஊர்ச் சாலையோரத்து ஆலமரத்திற்கும் அரசமரத்திற்கும் தனித்தனியே இத்தகைய குளவி உண்டு. மறுபுறத்தில், வீட்டுச் சுவரிலும் குளியலறையிலும் திரியும் பச்சைநிறப் பளபளப்புள்ள ஒரு குளவி, கரப்பான்பூச்சியை மூளையிற் கொட்டி மயக்கி, கன்றைக் கயிற்றால் இழுத்துச் செல்வதுபோல மீசையைப் பிடித்து நடத்திச் சென்று, வளையில் அடைத்து ஒரு முட்டையிடும். ஆம்புலெக்ஸ் என்னும் இது கொடுக்குடைய குலத்தது. தொழிலோ உண்டுகொல்லும் தொழிலே. முன்னது பெயரால் ஒட்டுண்ணி, செயலால் அன்று. பின்னது செயலால் ராய்ட்டரின் வகுப்பு, பெயரால் அன்று. தமிழிலக்கண மாணவர்க்கு இதனை விளக்குதல் எளிது. காரணப்பெயராய்த் தொடங்கிய பாரசிட்டிக்கா, காரணம் தேய்ந்து இடுகுறி போல ஆகிவிட்டது.

இக்னியூமன் என்னும் சொல்லும் இத்தகையதே. கிரேக்கத்தில் அதற்குச் சுவடுபற்றித் தேடுவோன் என்று பொருள். எகிப்து நாட்டுக் கீரிக்கு அது பெயர். சிலந்தி வேட்டையாடும் ஒரு குளவியையும் அரிஸ்டாட்டில் அப்பெயராற் குறித்தார். அவர் கண்ட குளவி இன்று கொடுக்குடைய குலத்தில் உளது. பெயரோ கொட்டாத வேறொரு பெருங்குடும்பத்திற்குச் சென்றுவிட்டது. சொற்களும் குடிபெயர்வன போலும். நம் குளவி என்னுஞ் சொல்லே சங்கநூல்களில் ஒருவகைக் காட்டுமல்லிகைக்குப் பெயராதலை மல்லிகைக்குப் பேர்போன மதுரையார் மறந்துவிட்டனர்.

இவ்வுயிர்களாற் பெற்ற பயன் சிறிதன்று. பப்பாளி மாவுப்பூச்சி 2008இல் கோயம்புத்தூரிற் காணப்பட்டு, விரைவிலே தமிழ்நாட்டின் பப்பாளி, மரவள்ளி, மல்பெரி, பருத்தி முதலிய பயிர்களிற் பரவியது. மருந்து தெளித்தும் மாவு போன்ற மெழுகுப் போர்வையின் காரணமாக அது எளிதில் மடியவில்லை. 2010இல் பெங்களூரிலிருந்த தேசிய வேளாண் பூச்சியின மையத்தார் புவர்ட்டோ ரிக்கோ தீவிலிருந்து மூன்றுவகைக் குளவிகளை வருவித்தனர். அவற்றுள் ஆசெரோபேகஸ் பப்பாயே என்பது வயல்களில் நிலைபெற்று, பின்னர் அம்மாவுப்பூச்சியை அடக்கிவிட்டது. மரவள்ளிக்கே உரிய வேறொரு மாவுப்பூச்சி 2020இல் கேரளத்திற் காணப்பட்டபோதும், ஆப்பிரிக்காவிலே முன்னரே பெருநன்மை செய்திருந்த அனகைரஸ் லோபெசி என்னுங் குளவி பெனின் நாட்டிலிருந்து கொணரப்பட்டு 2022இல் சேலம் மாவட்டத்து ஏத்தாப்பூரில் விடப்பட்டது.

இதனால் உண்டுகொல்வனவெல்லாம் உழவர்க்கு நண்பர் என்று பொதுவிதி வகுத்தல் கூடாது. பட்டுப்புழுவின் உடலில் முட்டையிட்டு அதனை அழிக்கும் ஊசி ஈயும் இத்தொழிலதே; அது குளவியுமன்று, ஈ. 1980இல் கருநாடகத்திற் புகுந்தது முதல் தென்னாட்டுப் பட்டு வளர்ப்போர்க்கு அது பெருந்தொல்லை. அதனை ஒடுக்க அதன் கூட்டுப்புழுவை உண்ணும் நெசோலிங்ஸ் என்னுங் குளவியை வளர்த்து விடுகின்றனர். ஆதலின் 'நன்மை செய்யும் பூச்சி' என்னும் வழக்கு விளம்பரத்திற்கு உதவுமேயன்றிக் கலைச்சொல்லாக நில்லாது.

அற்றேல் தமிழிற் கொள்ளத்தக்க சொல் யாது? கிரேக்க ஈற்றைப் பின்பற்றி 'ஒட்டுண்ணிப்போலி' என்பாருளர். இலக்கணப்போலி, முற்றுப்போலி என்னும் வழக்குகளை அறிந்த புலவர்க்கு அது குற்றமின்றித் தோன்றும். போலி விதையாலும் போலி மருந்தாலும் பொருளிழந்த உழவர் காதிலோ அது வேறுவிதமாக ஒலிக்கும். அட்டையே போலியென்று எறிந்துவிடுவர். மேலே கூறிய வினைமுறைவைப்பை ஒட்டி 'உண்டுகொல்லி' எனலாமென்பது எம் கருத்து. கொன்றுண்ணி என்னும் வழங்குசொல்லுக்கு அது முறைமாறிய இணையாய் நிற்கும். ஒட்டுண்ணியினின்றும் தெளிவாய் வேறுபடும். பூச்சிக்கொல்லியை நினைப்பூட்டுமே எனின், நினைப்பூட்டுதல் நன்றேயாம். அதன் வேலையைத்தானே இது செய்கின்றது.

வகுப்பறைக்கு அச்சொல் போதும். அட்டைக்கு அதுவும் வேண்டுவதன்று. உழவர் பிழையற அறிந்த பெயர் குளவி என்பது; 'முட்டைக் குளவி அட்டை' என்று அச்சிட்டால் பேனும் உண்ணியும் நினைவுக்கு வாரா. குளவியென்றதும் கொட்டுமோ என்று அஞ்சுவாருக்காகப் பின்புறத்தில் 'இது கொட்டாது' என்று ஒரு வரியும், அதன்கீழ்ச் சற்றுப் பெரிய எழுத்தில், கட்டியபின் கொல்லையில் மருந்து தெளிக்கலாகாது என்று மற்றொரு வரியும் சேர்த்துவிடல் வேண்டும்.